அன்றைக்கு வசிய மை... இன்றைக்கு டேட்டிங் பாடம்!

"ஐயா, எம் பையனுக்கு எவளோ மருந்து வச்சுட்டாய்யா!"

நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே அந்த அம்மா சொன்ன வார்த்தை இது. அன்று திங்கட்கிழமை. சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் கோயில் நடை பொதுவாகத் திங்களும் வெள்ளியும்தான் திறந்திருக்கும். அம்மனைக் கும்பிட்ட கையோடு பெரம்பலூர் வந்து வைத்தியரையும் பார்த்துவிட்டுப் போகிறவர்கள் உண்டு. இவர்களும் அப்படி வந்தவர்கள்தான். ஊர் அரியலூர் பக்கம். அப்பா உத்தியோகஸ்தர். ஒரே பையன், வயது 23, பி.இ. முடித்துவிட்டு பெரம்பலூரில் ஒரு சின்னக் கம்பெனியில் வேலை. (அடையாளம் தெரியக்கூடாது என்பதற்காகச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.)

பையனைப் பார்த்தேன். கண்ணைச் சுற்றிக் கருவளையம். நான்கு மாதத்தில் ஏழு கிலோ இறங்கிவிட்டான். சாப்பாடு வேண்டாம் என்கிறான். விடியற்காலை மூன்று மணி வரை தூக்கம் இல்லை. நெஞ்சு படபடப்பு, உள்ளங்கை வியர்வை. நாடி துடித்த துடிப்பைப் பார்த்து எனக்கு முதலில் தைராய்டு மேல்தான் சந்தேகம் வந்தது. ரத்தப் பரிசோதனைக்கு எழுதிக் கொடுத்தேன். "அதெல்லாம் வேணாங்கய்யா, மருந்து எடுத்தாச்சு. ஆனா முழுசா வரலை போலிருக்கு" என்றார் அம்மா.

'மருந்து எடுக்கிறது' என்றால் நம் பக்கத்து வாசகர்களுக்குத் தெரிந்திருக்கும். யாரோ சாப்பாட்டில் இடுமருந்து கலந்து கொடுத்துவிட்டார்கள், அது வயிற்றில் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்பது நம்பிக்கை. மருந்து எடுப்பவர் வயிற்றின் மேல் வாயை வைத்து உறிஞ்சுவார். கொஞ்ச நேரத்தில் முடி சுற்றிய ஒரு சின்ன உருண்டையைத் துப்பிக் காட்டுவார். "என் கண்ணால பார்த்தேன்யா" என்றார் அந்த அம்மா. பார்த்தது நிஜம்தான். ஆனால், வயிற்றுக்குள் போன சோறு தோலைத் துளைத்துக்கொண்டு வெளியே வராது. துப்பிய உருண்டை துப்பியவர் வாயில்தான் முதலிலிருந்தே இருந்தது.

இதைப் படிக்கும் வீடுகளுக்கு ஒரு வார்த்தை. 'மருந்து வைத்துவிட்டார்கள்' என்று என்னிடம் அழைத்து வரப்படுபவர்களில் குடல் புண், காசநோய், சர்க்கரை, தைராய்டு, மனச்சோர்வு எல்லாவற்றையும் பார்த்திருக்கிறேன். உடம்பு இளைத்து, பசி போய், இரண்டு வாரத்துக்கு மேல் இருமலும் இருந்தால் முதலில் சளிப் பரிசோதனை. உருண்டை எடுக்க அலைந்து காசநோயை முற்ற விட்டவர்களும் இருக்கிறார்கள்.

சரி, பையன் விஷயத்துக்கு வருவோம். பரிசோதனை முடிவுகள் எல்லாம் சரியாகவே இருந்தன. மறுமுறை வந்தபோது அம்மாவை வெளியே உட்கார வைத்துவிட்டு, வயிற்றை அழுத்திப் பார்க்கப் படுக்கச் சொன்னேன். இடுப்புக் கயிற்றில் ஒரு தாயத்து. "அம்மா கட்டி விட்டதா தம்பி?" என்றேன். தலையைக் குனிந்துகொண்டான். "இல்ல சார்... இது நானா வாங்கினது. வசியத் தாயத்து."

அம்மா, தன் மகனை எவளோ வசியம் பண்ணிவிட்டாள் என்று காசு கொடுத்து மருந்து எடுக்கிறார். மகனோ, ஒரு பெண்ணை வசியம் பண்ணக் காசு கொடுத்துத் தாயத்துக் கட்டியிருக்கிறான்! எனக்குச் சிரிப்பு வந்திருக்க வேண்டும். வரவில்லை. காரணம் பிறகு சொல்கிறேன்.

தாயத்து கடைசியில் வந்ததுதான். அதற்கு முன் அவன் 14,000 ரூபாய் கட்டி செல்போனில் ஒரு 'கோர்ஸ்' படித்திருக்கிறான். வீட்டில் சாஃப்ட்வேர் படிப்பு என்று சொல்லியிருக்கிறான். நடத்துபவர் தன்னை 'டேட்டிங் கோச்' என்று சொல்லிக்கொள்கிறார். அதாவது, பெண்களோடு பழகச் சொல்லித் தரும் வாத்தியார். பையன் பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்துக் கொடுத்தான். பரீட்சைக்குப் படிப்பதுபோல் ஒன்பது பாடங்களையும் அழகான கையெழுத்தில் எழுதி, முக்கியமான இடங்களில் சிவப்பு மையில் கோடு போட்டிருந்தான்.

அதில் இருந்தது இதுதான். பெண்ணைப் புகழாதே, லேசாக மட்டம் தட்டு, அவள் தன்னம்பிக்கை குறைந்தால் உன் பக்கம் வருவாள். அவள் செய்தி அனுப்பினால் உடனே பதில் போடாதே, தவிக்க விடு. வேறு பெண்கள் உன் பின்னால் அலைவதாகக் காட்டிக்கொள். அவள் 'வேண்டாம்' என்றால் அது மறுப்பு அல்ல, உன்னை அவள் சோதிக்கிறாள் என்று எடுத்துக்கொள்.

"அந்தப் பொண்ணு உன்கிட்ட என்ன சொல்லுச்சு?" என்று கேட்டேன்.

"எனக்கு இஷ்டமில்லை, பின்னாடி வராதீங்கன்னு சொன்னா சார்."

"எத்தனை தடவை?"

"மூணு தடவை."

அரியலூரிலிருந்து காலையில் எட்டேகாலுக்குக் கிளம்பும் பஸ்ஸில் அந்தப் பெண் பெரம்பலூர் கல்லூரிக்கு வருவாளாம். அதே பஸ்ஸில் இவனும் வருவான். மூன்றாவது தடவை சொன்ன பிறகு அவள் அந்த பஸ்ஸில் வருவதை நிறுத்திவிட்டாள். வாத்தியாரிடம் கேட்டதற்கு, "இதற்கு மேல்நிலைப் பாடம் இருக்கிறது, 40,000 ரூபாய்" என்று பதில் வந்திருக்கிறது. பணம் இல்லை. நண்பன் தாயத்துக்காரரிடம் கூட்டிப் போனான்.

எங்கள் ஓலைகளில் இருக்கிறதா?

"சித்த வைத்தியத்துல வசியம் இருக்குல்ல சார்?" என்று அந்தப் பையன் கேட்டான். நியாயமான கேள்வி. மழுப்பக் கூடாது.

வசியம், மோகனம், தம்பனம், உச்சாடனம், ஆக்ருஷணம், பேதனம், வித்துவேஷணம், மாரணம் என்று எட்டு. 'அஷ்ட கர்மம்' என்பார்கள். சித்தர்கள் பெயரில் வழங்கும் மாந்திரிக ஏடுகளில் இவை இருக்கின்றன. கடைசியில் நிற்கும் மாரணம் என்றால் ஆளைக் கொல்வது. வசியத்தில் தொடங்கும் பட்டியல் மாரணத்தில் போய் முடிகிறது என்பதைக் கவனியுங்கள். ஆனால், கல்லூரியில் நாங்கள் படித்துத் தேர்வு எழுதியது குணபாடமும் நோய் நாடலும் மருத்துவமும்தான். வசியம் அல்ல. வசியத்துக்கு என்று விற்கப்படும் வேர்கள் எல்லாம் எங்களுக்கு வெறும் மூலிகைகள். தொட்டாற்சுருங்கி மூலத்துக்கும் ரத்தப்போக்குக்கும் உதவும். நாயுருவி வேரில் பல் துலக்கலாம். இவற்றை அரைத்துக் கொடுத்தால் எந்தப் பெண்ணும் யார் பின்னாலும் வரமாட்டாள்.

ஊமத்தை மட்டும் வேறு கதை. அதன் விதையில் அட்ரோபின், ஸ்கோபோலமின் என்று இரண்டு நச்சுப் பொருட்கள் இருக்கின்றன. வாய் உலர்ந்து, கண் பாவை விரிந்து, உடம்பு கொதித்து, இதயம் தாறுமாறாக அடித்து, புத்தி தடுமாறிப் பிதற்றல் வரும். அந்த மயக்க நிலையைத்தான் விவரம் தெரியாதவர்கள் 'வசியம் வேலை செய்கிறது' என்று நினைக்கிறார்கள். அளவு கூடினால் உயிரே போகும்.

நான் தொழில் தொடங்கிய புதிதில், சுமார் 25 வருடங்களுக்கு முன், ஒரு வாலிபன் வந்து கூச்சத்தோடு வசிய மருந்து கேட்டான். எனக்கு வந்த கோபத்தில், "இது வைத்தியசாலையா, மந்திரவாதி வீடா?" என்று கத்தி அனுப்பினேன். வெளியே காத்திருந்தவர்கள் சிரித்தது இன்னும் காதில் இருக்கிறது. பத்து நாள் கழித்துத்தான் தெரிந்தது. எங்கோ கேட்டு ஊமத்தை விதையைப் பொடி செய்து, அவன் விரும்பிய பெண்ணுக்கு இனிப்பில் வைத்துக் கொடுத்துவிட்டான். அவள் பிழைத்துக்கொண்டாள். மூன்று நாள் யாரையும் அடையாளம் தெரியாமல் பிதற்றிக் கிடந்தாளாம். அதைவிடக் கொடுமை, 'மருந்து வைக்கப்பட்டவள்' என்று அவள் பெயரைத்தான் ஊர் பேசியது. அவனை அன்றைக்கு ஒரு பத்து நிமிஷம் உட்கார வைத்து நான் பேசியிருக்கலாம். ஊமத்தை விஷம் என்றாவது சொல்லியிருக்கலாம். என் கௌரவம்தான் எனக்குப் பெரிதாக இருந்தது. தாயத்தைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வராததற்குக் காரணம் இதுதான்.

மேஜிக்காரர் நடத்திய வகுப்பு

தாயத்துக்காரரை நமக்குத் தெரியும். இந்தச் செல்போன் வாத்தியார்கள் எங்கிருந்து வந்தார்கள்?

முளைத்த இடம் அமெரிக்கா. பெண்களை எப்படி வளைத்துப் பிடிப்பது என்று எரிக் வெபர் என்பவர் 1970-ல் ஒரு புத்தகம் போட்டார். பிறகு லாஸ் ஏஞ்சலீஸில் ராஸ் ஜெஃப்ரீஸ் என்பவர் கிளம்பினார். கலிஃபோர்னியாவில் 1970-களில் பாண்ட்லர், கிரிண்டர் என்ற இருவர் 'என்.எல்.பி.' என்று ஒரு முறையை உண்டாக்கியிருந்தார்கள். பேச்சின் அமைப்பாலேயே எதிராளியின் மனதை மாற்றலாம் என்பது அதன் கூற்று. விஞ்ஞானிகள் இதை ஏற்கவில்லை. ஜெஃப்ரீஸ் அதை எடுத்துக்கொண்டு, வார்த்தையாலேயே பெண்ணை மயக்கலாம் என்று பாடம் விற்றார். எங்கள் ஏடுகளில் மோகனம் என்று இருப்பதைத்தான் அவர் ஆங்கிலத்தில் விற்றிருக்கிறார்!

அடுத்து வந்தவர் எரிக் வான் மார்க்கோவிக். 'மிஸ்டரி' என்று புனைபெயர் வைத்துக்கொண்டவர். இவருடைய சொந்தத் தொழில் என்ன தெரியுமா? மேஜிக் வித்தை! பெண்ணின் தன்னம்பிக்கையை ஒரு ஊசி குத்திக் குறைக்கும் 'நெகிங்' என்ற உத்தி இவர் பெயரோடுதான் பரவியது. நீல் ஸ்ட்ராஸ் என்ற பத்திரிகையாளர் இந்தக் கூட்டத்தோடு சேர்ந்து பழகி, 2005-ல் 'தி கேம்' என்ற புத்தகம் எழுதினார். அமோகமாக விற்றது. 2007-ல் டெலிவிஷன் நிகழ்ச்சியே வந்துவிட்டது. 'பிக்-அப் ஆர்ட்டிஸ்ட்' என்பது ஒரு தொழிலின் பெயராகிவிட்டது.

அதே ஸ்ட்ராஸ் 2015-ல் இன்னொரு புத்தகம் எழுதினார். அதில் சொன்னது, தான் சிகிச்சைக்குப் போன கதை. ஆயிரக்கணக்கான பையன்கள் குருவாக நினைத்தவர், ஒரே பெண்ணோடு உண்மையாக வாழ முடியாமல் மன மருத்துவம் தேடிப் போயிருக்கிறார். நம் பையன்களுக்கு முதல் புத்தகம் வந்து சேர்ந்த அளவுக்கு இரண்டாவது வந்து சேரவில்லை.

ஜூலியன் பிளாங்க் என்ற இன்னொரு வாத்தியார், பெண்ணின் கழுத்தைப் பிடிப்பதையும் தலையை இழுப்பதையுமே உத்தியாகக் காட்டினார். 2014 நவம்பரில் ஆஸ்திரேலியா அவருடைய விசாவை ரத்து செய்தது. பிரிட்டன் உள்ளே விடவில்லை. நம் மாவட்டங்களிலிருந்து பலர் வேலைக்குப் போயிருக்கும் சிங்கப்பூரும் அவருக்குக் கதவைச் சாத்தியது.

தோற்றாலும் லாபம்

இந்த வியாபாரத்தின் சூட்சுமத்தை அந்தப் பையனுக்கு நான் கணக்காகத்தான் சொன்னேன். நூறு பெண்களிடம் போய்ப் பேசு என்கிறார் வாத்தியார். நூறு பேரிடம் பேசினால் இரண்டு பேராவது சிரித்துப் பேசத்தான் செய்வார்கள். பாடமே படிக்காமல் போய்ப் பேசினாலும் அதேதான் நடக்கும். அந்த இரண்டு பேரை வைத்து 'பாடம் பலித்தது' என்று விளம்பரம். மீதி 98 பேருக்கு? அன்றைய பொழுது கெட்டதுதான் மிச்சம். அவர்கள் கணக்கிலேயே வருவதில்லை.

பலித்தால் வாத்தியார் திறமை. பலிக்காவிட்டால் மாணவன் குறை, அடுத்த பாடம் வாங்கு. எப்படிப் பார்த்தாலும் கல்லாவில் காசு. தாயத்துக்காரரும் "48 நாள் பத்தியத்துல எங்கயோ தப்பு பண்ணிட்ட" என்பார், வேறென்ன?

எங்கள் தொழிலின் அசிங்கத்தையும் இங்கே சொல்லியாக வேண்டும். ஊர் ஊராக லாட்ஜில் ரூம் போட்டு, 'இளமையில் செய்த தவறா? கவலை வேண்டாம்' என்று விளம்பரம் கொடுத்து, லேகியம் விற்றவர்களைத் தெரியாத தமிழ்நாட்டு ஆண்மகன் உண்டா? இயல்பாக நடக்கும் சொப்பன ஸ்கலிதத்தை நோய் என்று பயமுறுத்தி, அந்தப் பயத்துக்கு மருந்து விற்றார்கள். தாம்பத்திய சக்தியைக் கூட்டுவதாக மருந்துக்கு விளம்பரம் செய்யக் கூடாது என்று 1954-லேயே மத்திய அரசு சட்டம் போட்டுவிட்டது. மருந்துகள் மற்றும் மாய மருத்துவ ஆட்சேபகர விளம்பரச் சட்டம் என்று அதற்குப் பெயர். சட்டம் இருக்கிறது, விளம்பரமும் இருக்கிறது! லாட்ஜ் வைத்தியருக்கும் தாயத்துக்காரருக்கும் டேட்டிங் வாத்தியாருக்கும் சரக்கு ஒன்றுதான். 'நீ ஆம்பிளை இல்லையோ' என்ற பயத்தை முதலில் இலவசமாகக் கொடுக்கிறார்கள், பிறகு அதற்கு விலை சொல்கிறார்கள்.

எது பாடம், எது வலை?

அதற்காக, பெண்ணோடு பேசக் கற்றுக்கொடுப்பதே பாவம் என்று நான் சொல்லவில்லை. நம் வீடுகளில் என்ன நடக்கிறது? ஆறாம் வகுப்பிலிருந்தே தனி பெஞ்சு, பஸ்ஸில் தனிப் பக்கம், அத்தை மகளோடு பேசினாலும் கண்டிப்பு. 23 வயதில் வேலைக்குப் போனதும் பக்கத்து மேஜையில் ஒரு பெண். எப்படி 'வணக்கம்' சொல்வது என்றே அவனுக்குத் தெரியவில்லை. நாம் சொல்லிக் கொடுக்காததைத்தான் அவன் காசு கொடுத்து வாங்குகிறான்.

பேசப் போகும்போது நாக்கு உலர்வதும் நெஞ்சு படபடப்பதும் கோழைத்தனம் அல்ல. பயம் வந்ததும் சிறுநீரகத்தின் மேல் உட்கார்ந்திருக்கும் அட்ரினல் சுரப்பி சுரக்கும் நீர் செய்யும் வேலை அது. தெருநாய் துரத்தும்போதும் அதுதான் சுரக்கிறது. இதற்கு மனநல மருத்துவர்கள் கையாளும் வழி எளிமையானது. சின்னச் சின்னப் படியாகப் பழக்குவது. முதலில் கண்டக்டரிடம் சில்லறை கேட்டு இரண்டு வார்த்தை பேசு, பிறகு கடைக்காரரிடம் பேசு, பிறகு கூட வேலை செய்கிறவர்களிடம். பேசப் பேசப் படபடப்பு தானாக அடங்கும். நேர்மையான ஒரு வாத்தியார் இதைச் சொல்லிக் கொடுத்தால், அவரிடம் தாராளமாகப் படிக்கலாம்.

அப்படியானால் நல்ல வாத்தியார் யார், வலை விரிப்பவர் யார் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? நான் அந்தப் பையனிடம் நோட்டைத் திருப்பிக் கொடுத்து, "இந்த ஒன்பது பாடத்தையும் அந்தப் பொண்ணு பக்கத்துல உட்கார்ந்திருக்கும்போது உங்க வாத்தியாரால நடத்த முடியுமா?" என்று கேட்டேன். நெடுநேரம் யோசித்தான். குளித்துச் சுத்தமாக வா, கண்ணைப் பார்த்துப் பேசு, அவள் சொல்வதைக் காது கொடுத்துக் கேள் என்று ஒரு பாடம் இருந்தது. "இதை நடத்தலாம் சார்" என்றான். மட்டம் தட்டுவது? "அவ எந்திரிச்சுப் போயிடுவா." வேண்டாம் என்றால் அது சோதனை என்ற பாடம்? பதில் சொல்லவில்லை. வசியம் என்பதே எதிராளிக்குத் தெரியாமல் செய்வதுதான். தெரிந்துவிட்டால் பலிக்காது என்று மந்திரவாதியே சொல்வார்.

(இதை எழுதும்போது ஒன்று தோன்றுகிறது. பெண் பார்க்க வரும் அன்று மூக்குக் கண்ணாடியைக் கழற்றி வைக்கச் சொல்வதும், மாப்பிள்ளையின் சம்பளத்தில் ஐயாயிரம் கூட்டிச் சொல்வதும் நாம்தான். பையன்களை மட்டும் குறை சொல்லி என்ன பயன்?)

அந்தப் பெண்ணின் பஸ்

அன்று அந்த அம்மா கிளம்பும்போது என்னிடம் தனியாக, "அந்தப் பொண்ணு யாருன்னு மட்டும் அவன்கிட்ட கேட்டுச் சொல்லுங்கய்யா. வீட்டுக்குப் போய் நாலு வார்த்தை நறுக்குன்னு கேட்டுட்டு வந்துடறேன்" என்றார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. மூன்று தடவை 'வேண்டாம்' என்று சொல்லி, பஸ்ஸையும் விட்டுக் கொடுத்துவிட்டு, ஒதுங்கிப் போன பெண் அவள். அவள் வாசலில் போய், 'என் மகனுக்கு மருந்து வச்சியே' என்று இவர் கூச்சல் போட்டால், அந்தத் தெருவில் யார் அவளை நம்புவார்கள்? நம் ஊர்களில் அதற்குப் பிறகு ஒன்றுதான் நடக்கும். படிப்பை நிறுத்துவார்கள், அவசரமாக ஒரு மாப்பிள்ளை பார்ப்பார்கள். சாதியும் வேறு வேறு என்றால் கேட்கவே வேண்டாம்.

இந்தப் பயத்தால்தான் பெண் பிள்ளைகள் வீட்டில் வாயைத் திறப்பதில்லை. ஒருவன் பின்தொடர்கிறான் என்று சொன்னால் அவனுக்கு எதுவும் ஆகாது, தன் செல்போன்தான் பறிபோகும் என்று அவளுக்குத் தெரியும். அந்த மௌனம் எங்கே கொண்டு போய்விடும் என்பதைப் பொள்ளாச்சியில் பார்த்தோம். நட்பாகவும் காதலாகவும் பேசி வரவழைத்து, படம் எடுத்து மிரட்டிய கூட்டம் அது. 2019-ல் ஒரு பெண் துணிந்து புகார் கொடுத்த பிறகுதான் வெளியே வந்தது. 2025 மே மாதம் ஒன்பது பேருக்கும் சாகும் வரை ஆயுள் தண்டனை விதித்தது கோவை மகளிர் நீதிமன்றம். 2022-ல் சென்னை பரங்கிமலை ரயில் நிலையத்தில், தன்னை மறுத்த கல்லூரி மாணவியை ஓடும் ரயில் முன் தள்ளிக் கொன்றான் ஒருவன். அவன் குற்றவாளி என்று 2024 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. இவர்கள் எல்லாம் டேட்டிங் பாடம் படித்தவர்கள் என்று நான் சொல்லவில்லை. 'வேண்டாம் என்றால் வேண்டாம்' என்பது இவர்கள் காதில் ஏறவில்லை என்பதை மட்டும் சொல்கிறேன். ஆறு மாதம் பின்னாலேயே சுற்றினால் கதாநாயகி சிரித்துவிடுவாள் என்று நம் சினிமாவும் இதைக் காசு வாங்காமலா சொல்லிக் கொடுத்தது?

சட்டம் தெளிவாகவே இருக்கிறது. 1998-ல் சென்னையில் கேலிக்கு ஆளான ஒரு கல்லூரி மாணவி உயிரிழந்ததும் தமிழ்நாடு அரசு தனிச் சட்டமே கொண்டு வந்தது. விருப்பமில்லை என்று தெரிவித்த பிறகும் ஒரு பெண்ணைப் பின்தொடர்வதும் தொடர்புகொள்ள முயல்வதும் 2013 முதல் இந்தியா முழுவதும் சிறைத் தண்டனைக்குரிய குற்றம். 2024 ஜூலை முதல் நடப்பில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் அது 78-வது பிரிவு. 'இது சோதனைதான், விடாதே' என்று சொல்லிக் கொடுக்கும் வாத்தியார், மாணவனை நேராக இந்தப் பிரிவுக்குள் தள்ளுகிறார். கோர்ட்டில் நிற்கும்போது வாத்தியார் பக்கத்தில் இருக்கமாட்டார்.

பெண்ணைப் பெற்றவர்களே, உங்கள் மகள் வந்து சொன்னால் முதலில் "நீ சொன்னது நல்லதும்மா" என்று சொல்லுங்கள். பஸ்ஸையும் படிப்பையும் செல்போனையும் அவளிடமிருந்து பிடுங்காதீர்கள். உதவிக்குப் பெண்கள் உதவி எண் 181 இருக்கிறது.

என்ன மருந்து கொடுத்தேன்?

அம்மாவிடம் உண்மையைச் சொல்வது என் வேலை அல்ல, பையனின் வேலை. அவன் ஒப்புக்கொண்ட பிறகு அம்மாவை உள்ளே கூப்பிட்டேன். பாதியிலேயே அவன் அழ ஆரம்பித்துவிட்டான். "ஆம்பளப் புள்ள அழலாமாடா?" என்று அம்மா பதறினார். "அழட்டும்மா" என்றேன். அடக்கக் கூடாதவை என்று சித்த மருத்துவம் சொல்லும் 14 வேகங்களில் தும்மல், இருமல், பசி, தாகம், தூக்கம் இவற்றோடு கண்ணீரும் ஒன்று.

தூக்கத்துக்குத்தான் முதலிடம் கொடுத்தேன். இரவு பத்து மணிக்கு மேல் செல்போன் அம்மாவின் அலமாரியில். புதனும் சனியும் நல்லெண்ணெய் தேய்த்து வெந்நீர்க் குளியல். காலை வெயிலில் அரை மணி நடை. பசிக்கு இஞ்சித் தேன். 'அமுக்கரா சாப்பிடலாமா சார், கோச் சொன்னார்' என்று கேட்டான். நல்ல மூலிகைதான். ஆனால், தைராய்டு கோளாறு, ஈரல் கோளாறு உள்ளவர்களுக்கு அது தொல்லை தரக்கூடும் என்பதால், கண்டவர் சொல்லக் கேட்டு யாரும் மாதக்கணக்கில் விழுங்காதீர்கள்.

படபடப்பும் தூக்கமின்மையும் இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்ததால், அரசு மருத்துவமனை மனநலப் பிரிவுக்கும் கடிதம் கொடுத்து அனுப்பினேன். "எம் பையன் பைத்தியமாய்யா?" என்று அந்த அம்மா கேட்டார். பல் வலிக்குப் பல் டாக்டரிடம் போவது மாதிரிதானம்மா என்றேன். நேரில் போகக் கூச்சப்படுகிறவர்கள் 14416 என்ற டெலி-மானஸ் எண்ணுக்குப் போன் செய்து தமிழிலேயே பேசலாம், கட்டணம் கிடையாது. சாகலாம் என்ற எண்ணம் லேசாக வந்தால்கூட உடனே பேசுங்கள்.

ஒரு மாதம் கழித்து வந்தான். மூன்று கிலோ ஏறியிருந்தான். இடுப்பில் தாயத்து இல்லை. "அந்தப் பொண்ணுகிட்ட ஒரே ஒரு தடவை போய் மன்னிப்புக் கேட்டுட்டு வந்துடட்டுமா சார்?" என்றான். நல்ல எண்ணத்தோடுதான் கேட்டான். ஆனால் அதுவும் நான்காவது தடவைதான். "போகாதே" என்றேன். "கடிதமும் வேண்டாம், ஆள் அனுப்பவும் வேண்டாம்."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். "எட்டேகால் பஸ்ஸை நான் விட்டுட்டேன் சார். இப்ப ஏழரைக்கே கிளம்பிடறேன். ஆபீஸ் திறக்கறதுக்கு முன்னாடியே வந்து வாசல்ல உட்கார்ந்திருப்பேன்" என்றான்.

அவள் மறுபடி எட்டேகால் பஸ்ஸில் வருகிறாளா என்று அவனுக்குத் தெரியவில்லை. விசாரித்துப் பார்க்கவும் வேண்டாம் என்று சொல்லி அனுப்பினேன்.